கேளுங்கள், சொல்கிறோம்: ஓசையில் இருக்கும் ஊர்

கேள்வி: ஒரு கற்பனைக் கதை எழுதிக்கொண்டிருக்கிறேன். அந்த உலகத்தில் எழுத்தே கிடையாது, ஊரின் நினைவெல்லாம் ஓசையில்தான். சுவரைத் தட்டினால் பாட்டன் காலத்துப் பேச்சுக் கேட்கும், கிணற்றுக்குள் குனிந்தால் பழைய வெள்ளத்தின் கதை வரும். வாசித்த நண்பர்கள் 'ஒட்டவில்லையே' என்கிறார்கள். எங்கே பிழை? (செங்கலடி வாசகர்)

பதில்: சுவரிலும் கிணற்றிலும்தான் பிழை தம்பி. அவை தானாகவே பேசிவிட்டால் மனிசருக்கு அங்கே என்ன வேலை? வைகாசியில் நம் கிழக்கிலங்கைத் தம்பிலுவிலுக்கோ செட்டிபாளையத்துக்கோ போய், கண்ணகி அம்மன் சடங்கில் ஓர் இரவு இருந்து பாருங்கள். நம் பக்கத்துக் கண்ணகி கோயில்கள் பலவற்றில் மற்ற நாட்களில் கதவு சாத்தியே கிடக்கும், சடங்குக்குத்தான் திறக்கும். திறந்தால் கண்ணகியின் கதையைச் சொல்லும் வழக்குரைப் பாட்டைப் பாடுவார்கள், கடைசியில் அம்மனைக் குளிரவைக்கிற குளிர்த்திச் சடங்கு. மதுரை எரிந்த கதை கடல் தாண்டி வந்து இங்கே நம் ஊர்ச் சங்கதியாகவே ஆகிவிட்டது. வழக்குரை ஏட்டிலும் இருக்கிறது, அச்சிலும் வந்துவிட்டது, ஆனால் அதை மனசுக்குள் வாசித்துவிட்டு எழும்பினால் சடங்கு நடந்ததாக ஒருவரும் ஒத்துக்கொள்ள மாட்டார்கள், வாய் திறந்து பாடியே ஆகவேண்டும். உங்கள் உலகத்துக்கும் இப்படி ஒரு சட்டம் போடுங்கள். நினைத்த நேரத்தில் தட்டினால் வராது, அதற்கென்று ஒரு காலமும் ஆட்களும் வேண்டும்.

அப்புறம் கூத்து. பழக வரும் பொடியனுக்குக் கூத்துப் பழக்குகிற அண்ணாவியார் எடுத்தவுடன் பாட்டைக் கொடுப்பதில்லை. வாயால் தாளக்கட்டைச் சொல்லிக்கொண்டே மத்தளத்தில் தட்டுவார், கால் அதைப் பிடிக்க வேண்டும், பிடிக்கும் வரைக்கும் அதே அடிதான் திரும்பத் திரும்ப. ஒவ்வொரு பாத்திரத்தின் வரவுக்கும் தாளம் வேறு. கூத்து ஆடுகிற களரியின் ஓரத்தில் பாயை விரித்து அரைத்தூக்கத்தில் கிடக்கிற பெரியவர் கண்ணைத் திறக்காமலே 'ராசா வந்திட்டார்' என்பார். ஓசையில் நினைவு இருப்பது என்றால் இதுதான், மந்திரம் ஒன்றும் இல்லை. இன்னொன்று, கூத்தில் ஒருவர் தனியாகப் பாடி முடிப்பதில்லை, பிற்பாட்டுக்காரர் வாங்கிப் பாட வேண்டும், வரி தப்பினால் அவர்களே எடுத்தும் கொடுப்பார்கள். அதையும் கதைக்குள் கொண்டுபோங்கள். வெள்ளத்தின் பாட்டில் முதல் பாதி ஒரு குடும்பத்திடம், மறுபாதி இன்னொரு குடும்பத்திடம். வேலித் தகராறில் இரண்டு வீட்டுக்கும் பேச்சு வார்த்தை இல்லை. இப்போது ஊருக்கே அந்த வெள்ளம் மறந்துபோகும், அடுத்த மாரிக்கு எந்தப் பக்கம் ஓடுவது என்று யாருக்கும் தெரியாது. மறுகா என்ன, கதை தானாக நடக்கும்.

கேள்வி: தொலைந்துபோன ஓசையை மீட்க முடியுமா? (காத்தான்குடி வாசகி)

பதில்: பாதி முடியும் தங்கச்சி. காரைதீவில் 1892இல் பிறந்த விபுலாநந்த அடிகள் அந்த வேலையைத்தான் செய்தார். யாழ் வாசிப்பார் இல்லாமல், கருவியும் கண்ணில் படாமல் போய் நூற்றாண்டுகள் ஆகியிருந்தன. சிலப்பதிகாரத்தில் இசையைப் பற்றி வருகிற அடிகளை வைத்து, விஞ்ஞானம் படித்த மூளையோடு சுருதிக் கணக்குப் போட்டுப் போட்டு யாழ் நூலை எழுதினார். 1947இல் திருக்கொள்ளம்பூதூர்க் கோயிலில் அரங்கேற்றம், அடுத்த மாதமே அவர் காலமானார். கணக்கு திரும்பி வந்தது. அந்தக் காலத்துப் பாணன் எந்த இடத்தில் நரம்பை மெல்லத் தொட்டான், எங்கே இழுத்து விட்டான் என்பதை எந்தக் கணக்கும் தராது. விரலிலிருந்து விரலுக்குப் போயிருக்க வேண்டியது அது.

கேள்வி: மட்டக்களப்பு வாவியின் பாடும் மீன் உண்மையா, சும்மாவா? (மண்டூர் வாசகர்)

பதில்: ஓசை உண்மை. 1848இல் இங்கே வந்த ஆங்கிலேய அதிகாரி எமர்சன் டெனன்ட் கேட்டு எழுதியே வைத்திருக்கிறார், ஈர விரலால் வைன் கிளாசின் விளிம்பைத் தேய்த்தால் வருகிற ரீங்காரம் போல என்று. மீனவர்கள் அவருக்குக் காட்டியது மீனை அல்ல, ஊரி என்கிற நத்தையை. மீனா ஊரியா என்று இன்னும் முடிவாகவில்லை. நிலவு நாளில் கல்லடிப் பாலத்தடியில் தோணியை நிறுத்தி, துடுப்பைத் தண்ணீரில் ஊன்றி, பிடியில் காதை வைத்துக் கேட்பது பழைய வழக்கம். அதில் காரணமும் இருக்கிறது. தண்ணீருக்குள் ஓசை வினாடிக்கு ஏறக்குறைய 1500 மீற்றர் போகும், காற்றில் 340 சொச்சம்தான். ஆனால் தண்ணீரிலிருந்து காற்றுக்கு ஏறும்போது பெரும்பகுதி மேற்பரப்பில் பட்டுத் திரும்பிவிடும், மரத்தின் வழியாக வந்தால் அவ்வளவு வீணாகாது. (செங்கலடித் தம்பி, கிணற்றை எடுத்துவிட்டுத் துடுப்பைப் போடலாம்.)

கேள்வி: அப்படி ஓர் உலகம் இருந்தால் ஷெல் சத்தமும் 2004 டிசம்பர் 26 காலையில் கேட்ட இரைச்சலும் அழியாமல் இருக்குமே, அதை யார் தாங்குவது? (அக்கரைப்பற்று வாசகி)

பதில்: ஒருவராலும் முடியாது. அதனால்தான் எல்லா ஓசையும் நிற்கிற உலகத்தில் எனக்கு ஆசை இல்லை. நம் பெண்கள் ஒப்பாரியில் எதை வைத்தார்கள், எதை விட்டார்கள் என்று கவனித்திருக்கிறீர்களா? செத்தவன் எப்படிக் கத்தினான் என்பது அதில் வராது. அவன் யாருக்கு மகன், எந்த வயலை உழுதான், தங்கச்சிக்கு என்ன வாங்கிவந்தான், அவன் இல்லாத வீட்டில் இனி யார் சோற்றுக்குக் கூப்பிடுவார், இதுதான் வரும். ஆளை வைத்துக்கொண்டு அலறலை விட்டுவிட்டார்கள். 1978 நவம்பர் 23 சூறாவளியைக் கண்டவர்கள் இன்றைக்கும் காற்று உரத்தால் எழும்பி உட்காருவார்கள். அந்த ஓசையைப் பேரப்பிள்ளைக்கு எதற்குக் கொடுக்க வேண்டும்? கூரை பறந்தபோது எங்கே ஒதுங்கினோம் என்பதைச் சொல்லிக் கொடுத்தால் போதும்.

கேள்வி: அம்மம்மாவின் தாலாட்டைப் போனில் ரெக்கோட் பண்ணி வைத்திருக்கிறேன். போதாதா? (கல்முனை வாசகர்)

பதில்: நல்ல வேலை செய்தீர்கள். யார் பாடியது, எந்த ஊர், எந்தத் தேதி என்று முதலில் கோப்பின் பெயரிலேயே எழுதிவையுங்கள், இன்னொரு பிரதியை வேறு இடத்தில் போடுங்கள், மெமரி காட்டை நம்பாதீர்கள். ஆனால் மட்டக்களப்பு டச்பார் பக்கத்தில் இருக்கிற, போர்த்துக்கேயர் வழிவந்த பறங்கியரைப் பாருங்கள். போர்த்துக்கேயர் போய் முந்நூற்றைம்பது வருடத்துக்கு மேலாகிறது, அவர்களின் போர்த்துக்கேயப் பேச்சு மெலிந்துபோனாலும் கல்யாண வீட்டில் வயலின் எடுத்தால் கஃப்ரிஞ்ஞா என்கிற ஆட்டப் பாட்டு வந்துவிடுகிறது, அதற்கு ஆட இன்னும் ஆள் இருப்பதால். அம்மம்மாவுக்குக் குரல் இருக்கும்போதே வீட்டில் உள்ள சின்னதை அவர் மடியில் போட்டு இன்னொரு தடவை பாடச் சொல்லுங்கள், நீங்களும் கூடப் பாடுங்கள், சுருதி சேராவிட்டால் பரவாயில்லை.