ஒரு பட்டன் போதும்னு மேனேஜர் சொல்றார்

அக்கா வணக்கம். பெருங்குடில ஒரு சின்ன கம்பெனில டெவலப்பரா இருக்கேன். பாரிமுனை, மண்ணடி பக்கம் இருக்கற, ஹார்பர் சரக்க வெளிய எடுத்து குடுக்கற கிளியரிங் ஏஜென்ட்டுங்களுக்கு பில்லிங் சாஃப்ட்வேர் பண்றோம். எல்லாம் மைக்ரோசாஃப்ட்டோட பழைய டாட்நெட் ஃப்ரேம்வொர்க் 4.6.1, எழுதினவங்க யாரும் இப்ப ஆபீஸ்ல இல்ல. அமேசானோட கோடு மாத்தற டூல் ஏடபிள்யூஎஸ் டிரான்ஸ்ஃபார்ம்ல போட்டா ஏஐயே புது டாட்நெட் 8க்கு மாத்தி குடுத்துடும், லினக்ஸ்ல ஓட்டிக்கலாம், விண்டோஸ் லைசன்ஸ் காசு மிச்சம், ஒரு பட்டன் தான்னு மேனேஜர் சொல்லிட்டு போயிட்டார். எங்க கோட அந்த டூலோட இணைக்கற கனெக்டர் போட்டேன், பெண்டிங்லயே நிக்குது. எல்லா ரெப்போவையும் (ப்ராஜெக்ட் கோடு சேத்து வெச்சிருக்கற இடம்) ஒண்ணா செலக்ட் பண்ணிடலாமா?
பெயர் வேண்டாம், பெருங்குடி

தம்பிக்கு,

பெண்டிங் மேட்டர் ஒண்ணுமில்ல. கனெக்டர நீங்க போட்டாலும் அந்த ஏடபிள்யூஎஸ் அக்கவுன்ட்டோட அட்மின் ஓகே பண்ணணும், அப்ரூவல் லிங்க் ஸ்கிரீன்லயே இருக்கும், காப்பி பண்ணி அவருக்கு அனுப்பிட்டு போன்லயும் ஒரு வார்த்தை சொல்லிடுங்க, மெயில பார்த்து அவர் செய்வார்னு உக்காந்திருந்தா அடுத்த திங்கள் தான். அப்புறம் அது ரெப்போ லிஸ்ட்ட எடுத்து, எது எதை நம்பி இருக்குன்னு அலசி காட்டும். உங்க ஆபீஸே செஞ்சு வெச்சிருக்கற நியூகெட் பேக்கேஜ் (கோடுல சேத்துக்கற ரெடிமேட் லைப்ரரி) ஏதாவது இருந்தா இல்லன்னு கேக்கும், அதை அப்லோட் பண்ணணும். மாத்தின கோடு தனி பிராஞ்ச்ல, அதாவது தனி காப்பில தான் வந்து விழும், மெயின் கோடுல கை வைக்காது, அந்த பயம் வேண்டாம்.

எல்லாத்தையும் ஒண்ணா செலக்ட் பண்ணாதீங்க. மத்த எல்லா ப்ராஜெக்ட்டும் கூப்பிடற, ஆனா தான் வேற எதையும் கூப்பிடாத ஒரு லைப்ரரி கண்டிப்பா இருக்கும் (எல்லா ஆபீஸ்லயும் அதுக்கு காமன்னோ யுட்டிலிட்டின்னோ தான் பேரு). அதை மட்டும் மொதல்ல அனுப்புங்க. அதுக்கும் முன்னாடி யாரும் யூஸ் பண்ணாத செத்த கோட தூக்கி போடுங்க. 2017 ஜூலைல ஜிஎஸ்டி வந்தாச்சு, ஆனா உங்க சாஃப்ட்வேர்ல சர்வீஸ் டாக்ஸ் கணக்கு இன்னும் எங்கயாவது உக்காந்திருக்கும்னு நான் பந்தயம் கட்டுவேன். அது வேணுமா வேண்டாமான்னு டூலுக்கு தெரியாது, அதையும் பொறுப்பா மாத்தி குடுக்கும், அதையும் உக்காந்து ரிவ்யூ பண்ண போறது நீங்க தான்.

இப்ப மேனேஜர் சொல்லாத விஷயம். ஜாப் முடிஞ்சு பில்ட் சக்சஸ்னு வந்தா கோடு கம்பைல் ஆச்சுன்னு தான் அர்த்தம், பில் தொகை சரியா வருதான்னு அது சொல்லாது. டபுள்ல (புள்ளி வெச்ச எண்ண தோராயமா வெக்கற டைப்) 0.1ஐயும் 0.2ஐயும் கூட்டி, எழுத்தா மாத்தற டூஸ்ட்ரிங் போட்டு பாருங்க, பழைய ஃப்ரேம்வொர்க்ல 0.3ன்னு வரும், புது டாட்நெட்ல (டாட்நெட் கோர் 3.0ல இருந்து) 0.30000000000000004ன்னு வரும். கணக்கு அதே கணக்கு தான், பழசு 15 இலக்கத்தோட வெட்டி காட்டிட்டு இருந்துச்சு, புதுசு உள்ளத உள்ளபடி காட்டுது. காச துல்லியமான டெசிமல்ல வெக்காம டபுள்ல வெச்ச புண்ணியவான் யாராவது உங்க ஆபீஸ்ல இருந்திருந்தா இது நேரா பில்லுல போய் நிக்கும். அப்புறம் லினக்ஸ் கன்டெய்னர் பொதுவா யுடிசில, அதாவது நம்ம நேரத்துக்கு அஞ்சரை மணி பின்னாடி இருக்கற உலக நேரத்துல ஓடும், மெஷினோட நேரத்த எடுக்கற டேட்டைம்.நவ் போட்டு தேதி எடுத்திருந்தா விடிகாலை அஞ்சரைக்கு முன்னாடி போடற பில்லு எல்லாத்துலயும் முந்தின நாள் தேதி விழும், ஹார்பர் வேலைக்கு ராத்திரி பகல் கிடையாதுன்னு உங்களுக்கு நான் சொல்லணுமா. ஃபைல் பேர்ல பெரிய எழுத்து சின்ன எழுத்து மாறி இருந்தா விண்டோஸ் கண்டுக்காது, லினக்ஸ் ஃபைலே இல்லன்னு சொல்லிடும். இதெல்லாம் கம்பைல் எரரா வராது, கஸ்டமர் போன் பண்ணும்போது தான் தெரியும்.

அதனால ஜாப ஸ்டார்ட் பண்றதுக்கு முன்னாடி, இப்ப ஓடிட்டு இருக்கற சாஃப்ட்வேர்ல இருந்தே போன மாச பில்லுங்கள, இன்புட் என்ன அவுட்புட் என்னன்னு அப்படியே எடுத்து வெச்சுக்கோங்க. ரவுண்டிங் வர்றது, கேன்சல் ஆனது, நடுராத்திரில போட்டது எல்லாம் அதுல இருக்கட்டும். மாத்தினதுக்கப்புறம் அதே இன்புட்ட குடுத்து வரிக்கு வரி ஒப்பிட்டு பாருங்க. ரெண்டு நாள் வேலை, மேனேஜருக்கு பிடிக்காது, பரவால்ல.

டாட்நெட் 8க்கு சப்போர்ட் 2026 நவம்பரோட முடியுது, டாட்நெட் 10க்கு 2028 நவம்பர் வரைக்கும் இருக்கு. எந்த வெர்ஷனுக்கு மாத்தணும்னு கேக்கற டார்கெட்ல 10 இருந்தா அதையே எடுங்க, இல்லன்னா இதே வேலைய சீக்கிரமே திரும்ப செய்யணும். ஆனா இதை சாக்கா வெச்சு தள்ளிப்போடவும் கூடாது, உங்க 4.6.1க்கு சப்போர்ட் 2022 ஏப்ரல்லயே முடிஞ்சு போச்சு.

கடைசியா ஒண்ணு. பில்ல பிரிண்ட் பண்றது எதுல? கிரிஸ்டல் ரிப்போர்ட்ஸ்ங்கற ரிப்போர்ட் டூல்லன்னா அதோட டாட்நெட் ரன்டைம் பழைய ஃப்ரேம்வொர்க்ல மட்டும் தான் ஓடும், கோட மாத்தி அதை லினக்ஸ்ல ஓட்ட முடியாது, ரிப்போர்ட்ட வேற எதுலயாவது புதுசா தான் செய்யணும். அது இந்த வாரத்துல முடியற வேலை இல்ல. எத்தன ரிப்போர்ட் இருக்குன்னு எண்ணி, மேனேஜர் கஸ்டமருக்கு தேதி குடுக்கறதுக்கு முன்னாடி அவர்கிட்ட சொல்லிடுங்க.