தந்தை சொல்லும் நான்கு முடிவுகளும்

அன்புள்ள அண்ணா,

நீங்கள் முன்பு ஒருமுறை எழுதியதைப் படித்துத்தான் 'செகிரோ: ஷேடோஸ் டை ட்வைஸ்' கேமை வாங்கினேன். மூன்று மாதமாக வேலை முடிந்து வந்ததும் அதுதான். கெனிச்சிரோ என்ற எதிரியிடம் மட்டும் நான்கு நாள் செத்தேன். அப்புறம் கை பழகிவிட்டது. குரங்கு, துறவி எல்லாரையும் தாண்டி மறுபடி கோட்டைக்கு வந்தேன். உச்சி மாடியில் வளர்ப்புத் தந்தை ஆந்தை நிற்கிறார். நான் காக்கும் சிறுவன் குரோ, இறவாமை தரும் ரத்தம் உள்ளவன். அவனைக் கைவிடு, என் பேச்சைக் கேள் என்கிறார். திரையில் இரண்டு வாய்ப்புகள். தந்தை சொல் மிக்க மந்திரம் இல்லை என்று கேட்டு வளர்ந்தவன் நான். கீழ்ப்படிந்தேன். வைத்தியர் எம்மாவோடும் அஷினா நாட்டுத் தலைவர் கிழவர் இஷினோடும் சண்டை, அதோடு கேம் முடிந்துவிட்டது. இன்னும் பாதி ஊரே இருக்கிறது, நீ மோசமான முடிவுக்குப் போய்விட்டாய் என்று நண்பர்கள் சிரிக்கிறார்கள்.

ஒரே ஒரு பட்டனுக்காக இவ்வளவு பெரிய தண்டனையா? எது உண்மையான முடிவு? மறுபடி முதலிலிருந்து ஆடுவதா, இல்லை மற்ற மூன்று முடிவுகளையும் வீடியோவில் பார்த்துவிட்டு விட்டுவிடுவதா? நாற்பது மணி நேரம் வீணாகிவிட்டதோ என்று வருத்தமாக இருக்கிறது.

க., திருச்சி

அன்புள்ள தம்பி,

வீணாகவில்லை. நீ பார்த்த ஷுரா முடிவைப் பெரும்பாலானவர்கள் கடைசியாகத்தான் பார்ப்பார்கள். எம்மா வாளெடுத்து நிற்பதும், நோயில் கிடக்கும் கிழவர் இஷின் நெருப்போடு சுழன்று வருவதும் அந்த ஒரு வழியில் மட்டுமே இருக்கும் சண்டைகள். அந்த இரண்டையும் முதல் ஆட்டத்திலேயே ஜெயித்த கை உன்னுடையது. அதை முதலில் நினைவில் வைத்துக்கொள்.

(மற்றவர்களுக்கு: கீழே கதையின் எல்லா முடிவுகளையும் பேசப்போகிறேன். இனிமேல்தான் ஆடப்போகிறீர்கள் என்றால் இங்கேயே நிறுத்திக்கொள்ளுங்கள்.)

தந்தை சொல் விஷயத்துக்கு வருகிறேன். நீ ஆடும் ஷினோபி, அதாவது நிஞ்சா வீரன், பெயர் ஓநாய். ஆந்தை அவனுக்குக் கற்றுக்கொடுத்த இரும்பு விதியில் முதல் வரி தந்தையே எல்லாம் என்பது. இரண்டாவது வரி எஜமானே எல்லாம், உயிரைக் கொடுத்தாவது அவரைக் காப்பாற்று என்பது. அந்த மாடியில் இந்த இரண்டு வரிகளும் மோதிக்கொள்கின்றன. கீழ்ப்படிபவன் இரண்டாவதை உடைக்கிறான், மறுப்பவன் முதலாவதை உடைக்கிறான். எதைத் தொட்டாலும் ஏதோ ஒன்று உடையத்தான் செய்யும். மறுத்திருந்தால் ஓநாய் சொல்லும் பதிலை நீ கேட்டிருப்பாய்: ஒருவனுடைய விதியை அவனவன்தான் வகுத்துக்கொள்ள வேண்டும், நான் வகுத்துக்கொண்டது இது. கேம் முழுக்க அளந்து பேசுகிறவன் வாயிலிருந்து அது வரும்போது எனக்கு உடம்பு சிலிர்த்தது.

ஒரு பட்டனுக்கு இவ்வளவு பெரிய தண்டனையா என்று கேட்டிருக்கிறாய். அந்தக் கேள்வி திரைக்கு வருவதற்கு முன்பே கேம் உன்னிடம் பலமுறை பேசியிருக்கிறது. கெனிச்சிரோவை வீழ்த்திய பிறகு காவல் கோபுரத்தில் இஷினைப் போய்ப் பார்த்தாயா? உன் கண்ணில் ஷுராவின் நிழல் தெரிகிறது என்று எச்சரிப்பார். கொன்றுகொண்டே போகிறவன் எதற்காகக் கொல்கிறோம் என்பதையே மறந்துவிடும் நிலைதான் ஷுரா. அந்த விளிம்பில் நின்ற ஒரு ஷினோபியின் கையை அவரே வெட்டித் தடுத்திருக்கிறார். பாழடைந்த கோயிலில் உட்கார்ந்து புத்தர் சிலைகளைச் செதுக்கிக்கொண்டே இருக்கும் சிற்பிதான் அந்த ஷினோபி. அவர் செதுக்கும் ஒவ்வொரு சிலையும் கோபமான முகத்தோடுதான் வருகிறது. ஷுரா என்ற சொல்லும் நமக்கு அந்நியமில்லை. நம் அசுரன்தான் பௌத்தத்தோடு சீனம் வழியாக ஜப்பான் போய் அஷுரா, ஷுரா என்றானவன்.

நானும் முதல் ஆட்டத்தில் இதையெல்லாம் கேட்காமல் ஓடியவன்தான். ஆந்தையை எதிர்த்தேன், ஜெயித்தேன், அந்த வேகத்திலேயே மேலே போய்விட்டேன். எம்மா ஏதோ சொல்ல வந்தாள், நிற்கவில்லை. கடைசியில் எனக்குக் கிடைத்தது ஒரே ஒரு வாய்ப்பு. டிராகனின் கண்ணீரைக் குரோவுக்குக் கொடுத்தேன். அவன் ஓநாயின் மடியில் இறந்துபோனான். அப்புறம் அதே பாழடைந்த கோயில், சிற்பி உட்கார்ந்திருந்த அதே இடம். அங்கே ஓநாய் உட்கார்ந்து சிலை செதுக்குகிறான். எம்மா வந்து சிற்பியின் செயற்கைக் கையை வைத்துவிட்டுப் போகிறாள். எண்டிங் பாட்டு முடிந்து திரை இருண்ட பிறகும் நான் கன்ட்ரோலரைக் கீழே வைக்கவில்லை. ராத்திரி இரண்டு மணி இருக்கும். அந்தப் பையனைக் காப்பாற்ற வேறு வழியே இல்லையா என்பதுதான் மனதில் ஓடியது.

இருக்கிறது. அந்த வழியைத் தேடிப் போனபோதுதான் இந்த கேமை எனக்கு நிஜமாகவே பிடித்தது.

ஆரம்பத்தில் சங்கிலியில் கட்டிய பூதம் ஒன்று வரும், ஞாபகம் இருக்கிறதா? அதற்கு முன்னால் நின்று பேசும் வீரர்களை நீ மறைந்திருந்து ஒட்டுக்கேட்கலாம். சிவந்த கண்ணுடையவை நெருப்புக்குப் பயப்படும் என்பது அங்கேதான் தெரியும். உடனே நாம் நெருப்புக் கருவியைத் தேடி ஓடுவோம். ஒட்டுக்கேட்பது என்றால் யாரை எப்படிக் கொல்வது என்று தெரிந்துகொள்ள என்று நம் மூளை முடிவுகட்டிவிடுகிறது. அடுத்த இருபது மணி நேரமும் அதற்கு ஏற்ற மாதிரியே போகும்.

ஆந்தையை மறுத்து வீழ்த்திய பிறகு அதே வித்தையை கேம் வேறொன்றுக்குக் கேட்கிறது. குரோவின் அறைக்கு நேராகப் போகாமல் பக்கத்தில் மறைந்து நின்றால், அவன் ஓநாயிடம் சொல்லாமல் வைத்திருக்கும் ஒன்றைத் தனக்குத்தானே பேசிக்கொள்வது கேட்கும். இறவாமையை அறுக்க அவன் என்ன விலை கொடுக்கத் தயாராக இருக்கிறான் என்பது அப்போதுதான் புரியும். அப்புறம் எம்மாவிடம் பேச வேண்டும். அவள் பழைய கல்லறைக்குப் போவாள், அங்கேயும் போய்ப் பேச வேண்டும். பிறகு பாழடைந்த கோயிலுக்கு வருவாள். அங்கே சுவரின் மறைவில் நின்றால் அவளும் சிற்பியும் பேசிக்கொள்வது கேட்கும். அதற்குப் பிறகுதான் ஆந்தையின் மணி ஒன்று உன் கைக்கு வரும். அதைப் புத்தர் முன்னால் வைத்தால் ஓநாயின் கடந்த கால நினைவான ஹிராட்டா மாளிகை இரண்டாம் முறை திறக்கும்.

முதலில் எதிரியின் பலவீனம் தெரிந்துகொள்ளக் காது கொடுத்தோம், இப்போது வேண்டியவர்களின் துயரம் தெரிந்துகொள்ளக் காது கொடுக்கிறோம். பட்டன் ஒன்றுதான். ஹிடெடாக்கா மியாசாகியும் ஃப்ரம்சாஃப்ட்வேர் குழுவும் 2019இல் கொண்டுவந்த இந்த கேமைக் கஷ்டத்துக்காகவே பேசுகிறார்கள். எனக்கு அதில் பெரிய விஷயமாகத் தெரிவது இதுதான். நல்ல முடிவுக்கான கதவு ஒரு பெரிய எதிரியின் பின்னால் மட்டும் இல்லை, ஒரு சுவரின் மறைவிலும் இருக்கிறது.

சண்டையும் லேசானதில்லை. எரியும் ஹிராட்டாவில் ஆந்தை இன்னும் இளமையாக, இன்னும் வேகமாக நிற்பார். உச்சி மாடியில் நீ கீழ்ப்படிந்த அதே மனிதர். வெடியை வீசிப் புகையைக் கிளப்பிவிட்டு அதற்குள்ளிருந்து பாய்வார். நான் அவரிடம் ஒரு வாரம் செத்தேன். பின்வாங்கினால் மறுபடி நெருங்குவதற்குள் அவருடைய போஸ்ச்சர், அதாவது அடி வாங்க வாங்க நிலைகுலைவதைக் காட்டும் அளவு, பாதி ஆறிவிடும். ஒட்டி நின்று அவருடைய ஒவ்வொரு வெட்டையும் உன் வாளில் வாங்கித் தட்ட வேண்டும். ஒட்டி நிற்கப் பழகிய அன்றுதான் ஜெயித்தேன். அங்கே கிடைக்கும் நறுமணப் பூவை வைத்துத்தான் குரோவை மனிதனாகப் பிழைக்க வைக்க முடியும். அதற்கு ஓநாய் தன் உயிரைத் தானே கொடுக்கிறான்.

நீ பார்க்காத ஊரில் ஊற்று அரண்மனை இருக்கிறது, தெய்வ டிராகன் இருக்கிறது. அதைப் பற்றி நான் சொல்லப்போவதில்லை, போய்ப் பார். ஆனால் அதைத் தாண்டித் திரும்பும்போது அஷினா பற்றி எரியும். நீ முதலில் கற்றுக்கொண்ட அதே பாதைகளில் சிவப்புக் கவசப் படை நிற்கும். அந்தப் போர்க்களத்தின் ஒரு ஓரத்தில் வெறுப்பின் அரக்கன் என்று ஒருவன் இருப்பான். கட்டாயமில்லை, விட்டுவிட்டும் போகலாம். நீ விடாதே. அந்த அரக்கன் நம் சிற்பி. ஷுரா ஆகிவிடக் கூடாது என்று கையையே இழந்து, வாழ்நாளெல்லாம் சிலை செதுக்கியவர் கடைசியில் அந்தத் தீயிலிருந்து தப்பவில்லை. ஷுரா முடிவை முதலில் பார்த்துவிட்டு வரும் உனக்கு அந்தச் சண்டை எங்களையெல்லாம் விட அதிகமாக வலிக்கும் என்று நினைக்கிறேன்.

கடைசிச் சண்டை வெள்ளிப்புல் வெளியில். ஆரம்பத்தில் கெனிச்சிரோ உன் இடது கையை வெட்டிய அதே இடம். முதலில் அவன், பிறகு அவன் தன் உயிரைக் கொடுத்து மீட்டெடுக்கும் இளமையான இஷின், வாளும் ஈட்டியும் துப்பாக்கியும் மின்னலுமாக. மின்னலுக்குப் பயப்படாதே. தரையில் கால் படாமல் காற்றில் வாங்கித் திருப்பி அடிப்பது உனக்கு ஏற்கெனவே தெரியும், கெனிச்சிரோவிடம் படித்ததுதான்.

எது உண்மையான முடிவு என்று கேட்டாய். கேம் எதையும் உண்மையானது என்று பெயரிடவில்லை. நான்காவது முடிவான திரும்புதலுக்குத்தான் வேலை அதிகம். செம்போ கோயிலின் தெய்வக் குழந்தைக்காக ஓலைகளைத் தேட வேண்டும், இரண்டு பெரும் பாம்புகளின் குடலையும் கொண்டுவர வேண்டும், ஒன்று புதிது, ஒன்று உலர்ந்தது. குரோவின் உயிரை அவள் தன்னுள் சுமந்துகொள்ள, ஓநாயோடு மேற்கே பயணம் புறப்படுகிறாள். பலருக்கு அதுதான் நிறைவான முடிவு. எனக்கு எம்மா குரோவை வழியனுப்பும் முடிவுதான் மனதில் நிற்கிறது. அந்தப் பையன் இறவாதவனாக இல்லாமல், பசி தூக்கம் உள்ள சாதாரண மனிதனாக நடந்து போகிறான். அதற்காகத்தான் இவ்வளவும் ஆடினேன் என்று எனக்குத் தோன்றியது. உனக்கு வேறு மாதிரி தோன்றலாம்.

வீடியோவில் பார்க்காதே. முடித்த கேமை மறுபடி முதலிலிருந்து ஆடும் நியூ கேம் பிளஸ்ஸில் போ. திறன்கள், தாக்கும் பலம், குடுவை எல்லாம் உன்னோடு வரும். எல்லாவற்றையும் விட, உன் கை உன்னோடு வரும். முதல் ஆட்டம் எனக்கும் உன்னைப் போலவே நாற்பது மணி நேரத்துக்கு மேல் போனது, இரண்டாவது பன்னிரண்டு மணி நேரத்தில் முடிந்தது. நாலு நாள் கொன்ற கெனிச்சிரோ ஒரே முயற்சியில் விழுவான், பார். ஆரம்பத்தில் குரோ உனக்குக் கொடுக்கும் தாயத்தைத் திருப்பிக் கொடுத்தால் கஷ்டம் கூடும். இந்த முறை அது வேண்டாம், வைத்துக்கொள்.

ஒரே ஆட்டத்தில் நறுமணப் பூவையும் தெய்வக் குழந்தையின் உறைந்த கண்ணீரையும் இரண்டையும் சேர்த்துக்கொள்ளலாம். கடைசியில் குரோவின் முன்னால் எதைக் கொடுப்பது என்று நீயே தீர்மானிப்பாய். கம்ப்யூட்டரில் ஆடுகிறாய் என்றால் அந்தக் கட்டத்துக்கு முன்னால் சேவ் கோப்பை ஒரு நகல் எடுத்து வைத்துக்கொள். மூன்று முடிவையும் உன் கையாலேயே பார்த்துவிடலாம், அதில் தப்பொன்றும் இல்லை. ஆனால் நகலைத் திறப்பதற்கு முன்னால் முதலில் நீ எதைக் கொடுத்தாயோ அதோடு ஒரு நாளாவது இரு.

இன்னொன்று. இந்த முறை சாக்கே மது எங்கே கிடைத்தாலும் எடுத்துக்கொண்டு போய் சிற்பிக்கும் எம்மாவுக்கும் இஷினுக்கும் கொடு. மூவரும் பழைய கதை பேசுவார்கள். யாராவது இருமிக்கொண்டிருந்தால், அது நீ செத்துச் செத்து எழுந்ததால் அவர்களுக்கு வந்த டிராகன்ராட் நோய். டிராகனின் ரத்தத் துளியைச் செலவழித்துக் குணப்படுத்து, அப்புறம் மேலே போ.

தெய்வக் குழந்தைக்கு உடம்பு சரியில்லாமல் போகும்போது சீமைப் பனிச்சைப் பழம் கேட்பாள். தேடிக் கொண்டுபோய்க் கொடு. தேறிய பிறகு குரோவுக்கென்று அரிசி தருவாள். அதை அவனிடம் சேர்த்தால் இனிப்பு உருண்டை பிடித்துத் தருவான். அதைச் சண்டைக்கென்று எடுத்து வைக்காமல், அவன் முன்னாலேயே உட்கார்ந்து சாப்பிடு.

அன்புடன்,
அண்ணன்