மறுமொழி: மால்ட்டா மொழி அரபியா, இத்தாலியனா?

உங்கள் மகள் பள்ளிச் செயல்திட்டத்தில் 'மால்ட்டா ஒரே தீவு, மொழி இத்தாலியன்' என்று எழுதியது சரியா என்று கேட்டிருந்தீர்கள். இரண்டுமே தவறுங்க. மால்ட்டா, கோசோ, கொமினோ என மூன்று முக்கியத் தீவுகள், சிசிலிக்குத் தெற்கே. மொத்தமே சுமார் 316 சதுர கிலோமீட்டர்தான்.

மொழிக் கதைதான் சுவாரசியம். 870-ல் அரபுப் படை பிடித்தது. 1091-ல் நார்மானியர் (வட பிரான்சிலிருந்து வந்து சிசிலியைப் பிடித்த கிறித்தவர்கள்) வந்த பிறகும் அரபிப் பேச்சு நிலைத்துவிட்டது. அதிலிருந்து கிளைத்ததுதான் மால்ட்டீஸ். இத்தாலியச் சொற்கள் ஏராளம், எழுதுவதோ லத்தீன் எழுத்தில். கத்தோலிக்க நாடு, ஆனால் சர்ச்சில் கடவுள் 'அல்லா'தான்! ஈஸ்டருக்கு முந்தைய நோன்பான தவக்காலத்துக்குப் பெயர் 'ரண்டான்', ரமலான் மருவியது. இதை அட்டையில் பெரிதாக எழுதச் சொல்லுங்கள்.

கொடி வரைந்தால் மூலையில் ஜார்ஜ் சிலுவை என்ற வீரப் பதக்கத்தை விட்டுவிட வேண்டாம். 1942-ல் குண்டுமழையைத் தாங்கியதற்கு பிரிட்டிஷ் மன்னர் கொடுத்தது.