‘டோக்கியோ ஸ்டோரி’ படத்தில் மூத்த மகளாக வருபவர் யார்? வேறு என்ன செய்திருக்கிறார்?

அவர் ஹாருகோ சுகிமுரா. போருக்குப் பிந்தைய ஜப்பானிய சினிமாவின் துணை நடிகைகளில் என் கணிப்பில் அவருக்கே முதலிடம்.

அடிப்படையில் அவர் மேடைக்காரர். 1937இல் உருவான புங்காகுசா நாடகக் குழுவில் தொடக்கம் முதலே இருந்தார். ‘ஒரு பெண்ணின் வாழ்க்கை’ என்ற நாடகத்தில் 1945 தொடங்கி 900 தடவைக்கு மேல் நடித்திருக்கிறார்.

இயக்குநர் ஓசுவின் ‘டோக்கியோ ஸ்டோரி’ (1953) படத்தில் அவர் அழகு நிலையம் நடத்தும் மகள். ஊரிலிருந்து வந்த பெற்றோருக்குக் கணவர் விலை உயர்ந்த பலகாரம் வாங்கி வந்தால் கடிந்துகொள்வார். அம்மா இறந்ததும் வாய்விட்டு அழுவார், அப்புறம் சாப்பாட்டு மேசையிலேயே அம்மாவின் கிமோனோ தனக்கு வேண்டும் என்பார். அந்த அழுகையும் நிஜம், கேட்பதும் நிஜம். அவரை வில்லியாகப் பார்ப்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை.

இதற்கு நேர்மாறானது 1951இல் வந்த ‘எர்லி சம்மர்’. தன் மகனைக் கட்டிக்கொள்வாயா என்று நாயகியிடம் தயங்கித் தயங்கிக் கேட்கும் தாய் அவர். அவள் சம்மதித்ததும் நம்ப முடியாமல், கண்ணீரோடு, “பன் சாப்பிடுகிறாயா?” என்பார்!

இயக்குநர் குரோசவாவின் ‘ரெட் பியர்ட்’ (1965) படத்தில் விபசார விடுதி நடத்துபவராக வருகிறார். இன்னொரு இயக்குநரான நாருசே 1954இல் ‘லேட் கிரிசாந்திமம்ஸ்’ படத்தில் அவரை மையப் பாத்திரமாக்கினார்: வட்டிக்குப் பணம் கொடுக்கும் முன்னாள் கெய்ஷா (ஆடல், பாடலால் விருந்தினரை மகிழ்விக்கும் ஜப்பானியக் கலைஞர்). அடுத்து அதைப் பாருங்கள்.