மணியும் மண்ணடுக்கும்

அன்புள்ள ஐயா,

நாங்கள் நாலு பேர் சேர்ந்து கீழடி அகழாய்வு பற்றி ஆவணப்படம் எடுக்கிறோம். இரண்டு நிமிட முன்னோட்டம் அனுப்பியிருக்கிறேன். பானை ஓடும் குழியும் திரையில் ரொம்ப டல்லாகத் தெரிகின்றன. அதனால் பழைய நகரத்தை மாட மாளிகைகளோடு ஏஐ வைத்து உருவாக்கிச் சேர்க்கலாமா என்று பார்க்கிறோம். ட்ரோனும் வாடகைக்குப் பேசியாயிற்று. தங்கள் யோசனை?

ஒரு வாசகர், திருப்புவனம்

அன்புள்ள தம்பி,

ஓட்டின் மேல் பழி போடாதீர்கள். ஓட்டில் கீறிய எழுத்துக்கு நேர் மேலிருந்து விழும் வெளிச்சம் எமன். சின்ன எல்இடி விளக்கை ஓட்டின் மட்டத்துக்கு இறக்கிப் பக்கவாட்டில் பிடித்தால், கீறலின் ஒரு கரை மின்னும், மறு கரை இருளும். ‘ஆதன்’ என்ற பெயர் எழுந்து நிற்கும். இதற்குத் தொல்லியல் துறையின் அனுமதி வேண்டும், முதலிலேயே எழுதிக் கேளுங்கள். மதுரை அருகே மாங்குளத்தில் பாண்டியன் நெடுஞ்செழியன் பெயருள்ள கல்வெட்டுக்கு விளக்கே வேண்டாம். பாறையில் வெயில் சாய்வாக விழும் நேரத்தை முந்தின நாள் போய்ப் பார்த்து வைத்துக்கொண்டால் போதும்.

எனக்கு உறுத்தியது எடிட்டிங். பின்னணிக் குரல் “கி.மு. ஆறாம் நூற்றாண்டு” என்கிறது. அடுத்த ஷாட்டில் ஒரு சூதுபவள (சிவப்புக் கல்) மணி. குரல் சொன்னதில் பொய் இல்லை, படத்திலும் பொய் இல்லை. இரண்டையும் ஒட்டிய இடத்தில்தான் பொய். 2019இல் வந்த தமிழ்நாடு தொல்லியல் துறை அறிக்கையில் கி.மு. 580 என்ற காலக்கணிப்பு 353 செ.மீ. ஆழத்தில் எடுத்த ஒரு மாதிரிக்கு உரியது. உங்கள் மணி எந்தக் குழியில், எந்த அடுக்கில் கிடைத்தது? மேல் அடுக்கு என்றால் காலமும் பிந்தியது. அது தெரியாமல் அந்த இரண்டையும் ஒட்டக் கூடாது. தெரிந்தால் குழி எண்ணையும் ஆழத்தையும் திரை ஓரத்தில் போடுங்கள்.

குழியின் சுவரை மேல்மண்ணிலிருந்து அடிவரை வெட்டே இல்லாமல் ஒரே ஷாட்டில் மெதுவாக இறங்கி எடுங்கள். மண் நிறம் மாறும் இடங்களில் கீறிய கோடும், அடுக்கு எண் எழுதிய சீட்டும் வரட்டும். முக்கால் நிமிடம் பிடிக்கும், பிடிக்கட்டும். அந்த நேரத்தில் பின்னணி வீணையை நிறுத்திவிடுங்கள், புண்ணியமாகப் போகும். வேலை முடிந்த குழிகளைப் பெரும்பாலும் மூடிவிடுவார்கள் என்பதால் அகழாய்வு நடக்கும் மாதங்களிலேயே இதை எடுத்தாக வேண்டும்.

மாட மாளிகை வேண்டாம். கிடைத்தவை செங்கல் சுவர், கூரை ஓடு, சுடுமண் வளையங்களை அடுக்கிய உறைகிணறு. பழைய மதுரையைக் கேட்டால் ஏஐ கூசாமல் ராஜகோபுரத்தையும் சேர்த்துத் தரும். மீனாட்சி கோயிலில் இன்று நிற்கும் கோபுரங்களில் மூத்ததே 13ஆம் நூற்றாண்டுக்காரர்! வீட்டைக் காட்டியே ஆக வேண்டுமென்றால் கோட்டோவியம் போடுங்கள். கிடைத்த சுவர் முழுக்கோட்டில், ஊகித்த கூரை புள்ளிக்கோட்டில். பார்ப்பவர்களுக்கு விளக்கமே வேண்டியிருக்காது.

ட்ரோன் ஒரு ஷாட்டுக்குப் போதும், வைகைக்கும் தென்னந்தோப்புக்கும் உள்ள தூரம் தெரிய. மிச்சக் காசில் காலர் மைக் வாங்கி, குழியில் மண் அள்ளிய உள்ளூர்ப் பெண்களைப் பேசவையுங்கள். முன்னோட்டத்தில் ஒருவர்கூட இல்லையே, ஏன்?