டிரைஃபஸ்: கையெழுத்துப் பிழையா? – கடிதம்

அன்புள்ள ஐயா,

பிரெஞ்சு ராணுவத்தின் யூத அதிகாரி டிரைஃபஸ்மீதான தேசத்துரோக வழக்கை ஒரு வரியில் தொட்டுச் சென்றிருந்தீர்கள். தேடிப் படித்தேன். கையெழுத்தைத் தவறாக அடையாளம் கண்டதால் நேர்ந்த பிழை என்றும், யூத வெறுப்பு பிற்பாடு பத்திரிகைகள் ஏற்றிய சாயம் என்றும் தோன்றுகிறது. சரிதானா?

கி., தஞ்சாவூர்

அன்புள்ள கி.,

இல்லை. அந்தக் கையெழுத்தையே எடுத்துக்கொள்வோம்.

1894இல் பாரிஸிலுள்ள ஜெர்மன் தூதரகத்தின் குப்பைக்கூடையிலிருந்து வந்த கடிதம் அது. விற்பனைக்கிருந்த பிரெஞ்சு ராணுவ ரகசியங்களின் பட்டியல். எழுதியவர் கேப்டன் டிரைஃபஸா என்பதில் நிபுணர்களுக்குள்ளேயே கருத்து ஒத்துவரவில்லை. அப்போது பெர்த்தியோன் ஒரு விளக்கம் சொன்னார். குற்றவாளிகளின் உடலை அளந்து அடையாளம் காணும் முறையை வகுத்த அதே ஆள்தான். எழுத்து ஒத்துப்போகாத இடங்களில், வேறொருவர் செய்த போலி என்று தோன்றட்டும் என டிரைஃபஸே மாற்றி எழுதினாராம்! ஒத்தாலும் குற்றவாளி, ஒவ்வாவிட்டாலும் குற்றவாளி. போதாததற்கு, வழக்கறிஞர் கண்ணில் காட்டாமல் ஒரு ரகசியக் கோப்பு நீதிபதிகளிடம் போனது. டிரைஃபஸைத் தென்னமெரிக்கக் கரையோரச் சிறைத் தீவான பிசாசுத் தீவுக்கு அனுப்பினார்கள்.

சரி, ஏமாந்தார்கள் என்றே வைத்துக்கொள்வோம். 1896இல் உளவுப் பிரிவின் தலைவர் பிக்கார், அச்சு அசலாக அதே எழுத்தை மேஜர் எஸ்தர்ஹாசியின் கடிதங்களில் கண்டார். பிக்காருக்கும் யூதர்களைப் பிடிக்காது. ஆனாலும் கண்டதை விழுங்க அவரால் முடியவில்லை. அவரைத் துனீசியாவுக்குத் துரத்தினார்கள். 1898 ஜனவரியில் எஸ்தர்ஹாசிக்கு விடுதலை. இரண்டு நாள் கழித்து டிரைஃபஸுக்காகப் பகிரங்கக் கடிதம் எழுதிய நாவலாசிரியர் எமிலி சோலாவுக்குச் சிறைத் தண்டனை.

அந்த ஆகஸ்டில் ஓர் அதிகாரி, டிரைஃபஸுக்கு எதிரான முக்கியக் கடிதத்தை விளக்கொளியில் பார்த்தார். ஒரே தாளில் கோடுகள் இரண்டு நிறம். இரண்டு கடிதங்களை ஒட்டிச் செய்த போலி. செய்தவர் ஆன்ரி என்ற ராணுவ அதிகாரி. ஒப்புக்கொண்டு, காவலில் சவரக்கத்தியால் கழுத்தை அறுத்துக்கொண்டார்.

வெறும் பிழை என்றால் கதை இங்கே முடிந்திருக்க வேண்டும். நடந்தது என்ன? ஆன்ரியின் மனைவிக்காக ஒரு யூத எதிர்ப்புப் பத்திரிகை நிதி திரட்டியது. 1,30,000 பிராங்குக்கு மேல் சேர்ந்தது. பணத்தோடு யூதர்கள்மீது வசையும் எழுதி அனுப்பினார்கள், அதுவும் அச்சானது. நீங்கள் சொல்லும் சாயத்தைக் கைக்காசு போட்டு வாங்கியவர்கள் வாசகர்கள்.

1899இல் மறுவிசாரணை. மீண்டும் குற்றவாளி, ஆனால் ‘தணிக்கும் சூழ்நிலைகளோடு’. தேசத்துரோகத்துக்கு அப்படி என்ன தணிப்போ! பிறகு குடியரசுத் தலைவரின் மன்னிப்பு. ராணுவத்துக்கு முட்டுக்கொடுத்த திருச்சபைமீது குடியரசுவாதிகளுக்கு மூண்ட கோபம், 1905இல் அரசையும் திருச்சபையையும் பிரித்த சட்டத்துக்கும் வலுச் சேர்த்தது. தீர்ப்பு ரத்தானது 1906இல்தான்.

1908இல் சோலாவின் உடலைப் பாந்தியோனுக்கு, அதாவது பிரான்சின் பெருமக்களை அடக்கம் செய்யும் பாரிஸ் நினைவிடத்துக்கு, மாற்றிய விழாவில், டிரைஃபஸை ஒரு பத்திரிகையாளர் துப்பாக்கியால் சுட்டார். குண்டு கையில் பட்டது. சுட்டவரை ஜூரி விடுதலை செய்தது.