பையைப் பிரிப்பதைப் பாருங்கள்: பல் மருத்துவர் பதில்கள்

கேள்வி: கருவிகளைச் சுத்தம் செய்துதான் வாயில் வைக்கிறார்களா என்று எப்படித் தெரிந்துகொள்வது? கேட்டால் டாக்டர் கோபித்துக்கொள்வாரோ என்று தயக்கமாக இருக்கிறது.

பதில்: தாராளமாகக் கேளுங்கள். என்னிடம் கேட்பவர்கள் கையில் நான் கருவிப் பையையே கொடுத்துவிடுவேன். ஒரு பக்கம் காகிதம், மறுபக்கம் பிளாஸ்டிக் வைத்து ஒட்டிய பை அது. அதை உங்கள் கண் முன்னால் பிரிக்க வேண்டும். ஓரத்தில் ஒரு சின்ன அடையாளம் அச்சிட்டிருக்கும். அழுத்த நீராவியால் கிருமியைக் கொல்லும் ஆட்டோகிளேவ் பெட்டிக்குள் போய் வந்திருந்தால் அதன் நிறம் மாறியிருக்கும். பை ஈரமாகவோ கிழிந்தோ இருந்தால் வேறு பை கேளுங்கள். நிறம் மாறுவது சூடு பட்டதற்கு மட்டும்தான் அடையாளம். கிருமி முழுக்கச் செத்ததா என்பதற்கு, எளிதில் சாகாத கிருமி வித்துகளை உள்ளே வைத்துப் பார்க்கும் ஸ்போர் பரிசோதனை என்று தனியாக உண்டு. அதை எத்தனை நாளுக்கு ஒரு முறை செய்கிறீர்கள் என்றும் கேட்கலாம்.

இன்னொன்று, பல்லைக் குடையும் கைக்கருவி. இதை ஸ்பிரிட் தொட்டுத் துடைத்தால் போதாது. சுற்றுவது நிற்கும் நொடியில் எச்சிலும் ரத்தமும் அதன் உள்ளே கொஞ்சம் இழுக்கப்படலாம். அதனால் ஒவ்வொருவருக்கும் பிறகு அதுவும் ஆட்டோகிளேவுக்குள் போயாக வேண்டும். 121 டிகிரி செல்சியஸ் நீராவி என்றால் குறைந்தது 15 நிமிடம், 134 டிகிரி என்றால் 3 நிமிடம். கையுறையும் ஊசியும் ஒருவருக்குப் போட்டது இன்னொருவருக்குக் கூடவே கூடாது.

கேள்வி: அப்பாவுக்கு 71 வயது. ரத்தம் உறையாமல் இருக்க மாத்திரை சாப்பிடுகிறார். அடுத்த வாரம் பல் பிடுங்க வேண்டும். முன்கூட்டியே மாத்திரையை நிறுத்திவிடலாமா?

பதில்: நீங்களாக நிறுத்தவே நிறுத்தாதீர்கள். பல் பிடுங்கிய குழியில் ரத்தம் வந்தால் பஞ்சை வைத்து அழுத்தலாம், தையல் போடலாம். மாத்திரையை நிறுத்தியதால் மூளைக்கோ இதயத்துக்கோ போகும் குழாயில் ரத்தம் உறைந்துவிட்டால் அதை அப்படிச் சரிசெய்ய முடியாது. அவர் சாப்பிடுவது வார்ஃபரின் மாத்திரை என்றால், ரத்தம் உறைய எவ்வளவு நேரம் ஆகிறது என்று காட்டும் ஐ.என்.ஆர். பரிசோதனையின் சமீபத்திய முடிவைக் கையோடு கொண்டு போங்கள். வேளையை மாற்றுவதா, அப்படியே தொடர்வதா என்பதைப் பல் டாக்டரும் மாத்திரை எழுதிய டாக்டரும் பேசி முடிவு செய்யட்டும்.

கூடவே, எலும்புத் தேய்மானத்துக்கு அவர் ஏதாவது மருந்து எடுக்கிறாரா? எலும்புக்கும் பல்லுக்கும் என்ன சம்பந்தம் என்று பலர் இதைச் சொல்வதே இல்லை. அதிலும் வருடத்துக்கு ஒரு முறை போடும் ஊசி என்றால் நினைவிலேயே இருக்காது. அந்த மருந்துகள் சிலவற்றால், பல் பிடுங்கிய இடத்தில் தாடை எலும்பு ஆறாமல் போகும் அபாயம் சிலருக்கு உண்டு. மருந்துச் சீட்டு அத்தனையையும் ஒரு பையில் போட்டு எடுத்துப் போங்கள்.

கேள்வி: பல்செட்டைப் பற்பசை போட்டுத் தேய்த்து வெந்நீரில் ஊறவைக்கிறேன். சரிதானே?

பதில்: இரண்டுமே வேண்டாம். பற்பசையில் இருக்கும் நறநறப்பு, செட்டின் அக்ரிலிக் பிளாஸ்டிக்கில் கீறல் போடும். கீறலில் பூஞ்சை குடியேறும். வெந்நீரில் செட் வளைந்துவிடும். மென்மையான பிரஷ், கொஞ்சம் சோப்புத் திரவம் போதும். கழுவும்போது கீழே ஒரு பாத்திரத்தில் தண்ணீர் வையுங்கள், கை நழுவினாலும் உடையாது. இரவில் கழற்றிச் சாதாரணத் தண்ணீரில் போட்டுவிட்டு ஈறுக்கு ஓய்வு கொடுங்கள்.

கேள்வி: பல் கடிக்கும் பழக்கத்துக்காக, தூங்கும்போது பல்லில் மாட்டும் உறையான நைட் கார்டு போடுகிறேன். ஒரு வருடத்துக்குள் ஓட்டை விழுந்துவிட்டது. மட்டமான பொருளா?

பதில்: அப்படி இருக்க வேண்டும் என்பதில்லை. உங்கள் பல்லில் விழ வேண்டிய தேய்மானத்தை அது வாங்கிக்கொண்டிருக்கிறது. ஓட்டை விழுந்ததை மாற்றத்தான் வேண்டும். அடுத்த முறை போகும்போது பழையதையும் கொண்டு போங்கள். எந்த இடத்தில் அதிகம் கடிக்கிறீர்கள் என்பது அதிலேயே தெரியும். ஒன்றை மனதில் வையுங்கள்: கார்டு பல்லைக் காக்குமே தவிர, கடிப்பதை நிறுத்தாது. சத்தமாகக் குறட்டையும் பகலில் தூக்கக் கலக்கமும் இருந்தால் தூக்கத்தில் மூச்சு தடைபடுகிறதா என்று பரிசோதித்துவிடுங்கள்.

கேள்வி: நான்கு மாத கர்ப்பம். பல்லுக்கு எக்ஸ்ரே எடுக்கலாமா?

பதில்: அவசியம் என்றால் எடுக்கலாம். சின்ன டிஜிட்டல் எக்ஸ்ரே ஒன்றின் கதிர்வீச்சு, இயற்கையாக ஒரே நாளில் நம் மீது படும் அளவைத் தாண்டாது. கர்ப்பமாக இருப்பதை மட்டும் முதலிலேயே சொல்லிவிடுங்கள். சீழ் பிடித்த பல்லைப் பிரசவம் வரை தள்ளிப்போடுவதுதான் ஆபத்து.

கேள்வி: 5 வயதுப் பையனுக்கு ஊசி போட்டுப் பல் அடைத்தார்கள். மறுநாள் உதடு வீங்கி வெள்ளையாக இருக்கிறது. சீழா?

பதில்: பெரும்பாலும் சீழ் இல்லை. மரத்துப்போன உதட்டை அவனே மென்றிருப்பான். குழந்தைகளுக்கு அந்த உணர்வே வேடிக்கையாக இருக்கும். வெள்ளையாகத் தெரிவது புண் ஆறும்போது படியும் படலம். சுரண்டாதீர்கள். காரமும் சூடும் கொடுக்காமல், குளிர்ந்த துணியை ஒற்றி எடுங்கள். ஒன்றிரண்டு வாரத்தில் ஆறிவிடும். காய்ச்சல் வந்தாலோ வீக்கம் கூடிக்கொண்டே போனாலோ அன்றே கூட்டிப்போங்கள். அடுத்த முறை ஊசி போட்டால் மரப்பு முழுக்கத் தெளியும்வரை பக்கத்திலேயே இருங்கள். இரண்டு மூன்று மணி நேரம், சில சமயம் அதற்கு மேலும் ஆகும்.